கொமிசாருக்குக் கொப்பி பார்த்தவள்

பதினோராம் மாடியில் கடைசி அறையைத் துப்பரவாக்கப் போன எனக்கு முதலில் வந்தது கோபம்தான். குளியலறைக் கண்ணாடியில் மஞ்சள் கடதாசித் துண்டு. மேசை விளக்கின் கழுத்தில் ஒன்று. தொலைபேசியின் முதுகில் ஒன்று. குளிர்ப்பெட்டியைத் திறந்தால் அதற்குள்ளும் இரண்டு. ஒட்டியவன் யாரோ, பசையைச் சுரண்டப் போகிறவள் நான்தானே! என்ன கோதாரி இது என்று வாய்க்குள் திட்டிக்கொண்டு ஒவ்வொன்றாக உரித்து ஏப்ரன் பைக்குள் போட்டேன். இருபத்திரண்டு துண்டுகளை உரித்த பிறகுதான் அவற்றில் எழுதியிருந்த மொழி என் கண்ணில் பட்டது. ஜேர்மன் மொழி. எங்கள் ஆட்கள் அதை டொச் என்பார்கள்.

எனக்கு டொச் தெரியும். நான் பாசையூரில் பிறந்த மாக்கிரட். எண்பத்து நான்கில் ஜேர்மனிக்கு ஓடி, டோர்ட்முண்ட் பக்கம் பதினொரு வருசம் இருந்தேன். பிறகு மொன்றியலுக்கு வந்து, எட்டு வருசமாக இந்த டவுன்டவுன் ஹோட்டலில் கட்டில் விரிக்கிறேன். அந்தத் துண்டுகளை வாசித்துப் பார்த்தேன். 'அன்றைக்குக் கையெழுத்து வைத்தேன், அனா.' 'மை காயும்வரை பார்த்துக்கொண்டிருந்தேன்.' கடிதமும் இல்லை, குறிப்பும் இல்லை. வசனம்! ஒருவன் வாயில் நிற்காத வசனத்தை அறை முழுக்க ஒட்டிவைத்திருக்கிறான். அது எப்படிப்பட்ட பயம் என்பது எனக்குத் தெரிந்த அளவுக்கு அந்த ஹோட்டலில் வேறு எவருக்கும் தெரிந்திருக்காது.

அந்த நேரம் பார்த்துக் கதவு திறந்தது. உயரமான கிழவர் ஒருவர், காதில் கேட்கும் கருவி, கையில் ஒரு கோப்பை கோப்பி. கண்ணாடியைப் பார்த்தார், விளக்கைப் பார்த்தார், முகம் வெளிறிப்போனது. நானும் வெளிறித்தான் போனேன். அவர் முகத்தைப் பார்த்ததும் என் வாயிலிருந்து தானாக வந்தது, "கொமிசார் வோல்பெக்!"

சேசுவே, அவரேதான். ஜேர்மனியில் அகதி முகாமில் அறுபது பேருக்கு ஒரு தொலைக்காட்சி. வெள்ளிக்கிழமைத் தொடரில் துப்பறியும் பொலிஸ் அதிகாரி கொமிசார் வோல்பெக் வந்து கொலைகாரனைப் பிடிப்பார். வகுப்புக்குப் போக எங்களுக்கு அனுமதியில்லை. நான் டொச் பழகியது அந்த மனுசன் வாயைப் பார்த்துத்தான். நான் பிழையில்லாமல் சொல்லப் பழகிய முதல் வசனம் 'நேற்று மாலை எங்கே இருந்தீர்கள்?' என்பது. அதைக் காய்கறிக் கடைக்காரியிடம் ஒருநாள் சொல்லிப் பார்த்தேன். அவள் பயந்துபோய் இரண்டு தக்காளி கூடப் போட்டாள்.

"என் பெயர் ஆர்னோ கெஸ்லிங்," என்றார் கிழவர் கோபத்தோடு. "வோல்பெக் செத்துப் பத்து வருசம். என் தாள்கள் எங்கே?"

நான் பைக்குள்ளிருந்து கட்டாக எடுத்துக் கொடுத்தேன். எல்லாம் கலைந்து கிடந்தது. அவர் கதிரையில் இருந்துவிட்டார். அப்போது நான் செய்ததை யாரும் சொல்லித் தரவில்லை. துண்டுகளை வாங்கி, எது கண்ணாடி, எது விளக்கு, எது குளிர்ப்பெட்டி என்று ஒன்றும் பிசகாமல் திரும்ப ஒட்டினேன். ஒட்டும்போதே வரிசையாக வசனத்தையும் சொன்னேன். ஒருதரம்தான் பார்த்திருந்தேன்.

"இதை எங்கே பழகினீர்கள்?" என்று கேட்டார். இப்போது குரலில் கோபம் இல்லை.

என் அப்பா கூத்துப் பழக்குகிற அண்ணாவியார். கோயில் பெருநாளுக்குக் கூத்துப் போட்டால் பெண்களை மேடையில் ஏற விடமாட்டார்கள். ராணி வேடத்துக்கும் மீசை மழித்த ஆம்பிளைதான். ஆனால் பக்கத் திரைக்குப் பின்னால் கொப்பியைப் பிடித்துக்கொண்டு, மறந்தவனுக்கு வரி எடுத்துக்கொடுக்க மட்டும் நான் வேண்டும். கொப்பி பார்ப்பது என்று அதற்குப் பெயர். பன்னிரண்டு வயதிலிருந்து கலியாணம் கட்டும்வரை மேடையில் நின்ற ராசாக்கள் எல்லாம் என் வாயால்தான் பாடினார்கள். கைதட்டு அவர்களுக்கு, தொண்டைக் கட்டு எனக்கு. அந்தக் கோபம் எனக்கு இன்னும் ஆறவில்லை. இதையெல்லாம் நான் சொல்லச் சொல்ல அந்த மனுசன் கண் கலங்கிவிட்டது. "என் மனைவியும் அதே வேலைதான்," என்றார்.

அதற்குப் பிறகு பத்து நாள் அந்த அறையைத்தான் கடைசி வேலையாக வைத்துக்கொண்டேன். வேலை முடித்து நிற்கும் பத்து நிமிடத்தில் அவர் தன் கதையைச் சொன்னார். சொந்த ஊர் இப்போது ரஷ்யாவில் இருக்கிறது. ஒன்பது வயதில், யுத்தம் முடிகிற மாசி மாதம், உறைந்த கடலேரியின் மேல் தாயோடு நடந்து வந்தவர். தங்கச்சி வழியில் செத்துப்போனாள். வந்து சேர்ந்த ஊரில் பிள்ளைகள் அவருடைய பேச்சைப் பழித்துச் சிரித்தார்கள். மூன்றே மாதத்தில் அவர்களைப் போலவே பேசிக் காட்டினாராம். "எனக்கு வேறு நாடகப் பள்ளி தேவைப்படவில்லை," என்றார். பிறகு சின்னச் சின்ன நகரங்களில் பன்னிரண்டு வருசம் மேடை. சினிமாவில் ஏழு படம், ஏழிலும் முதல் அரைமணி நேரத்துக்குள் செத்துவிடுவார். எழுபத்து நான்கில் கொமிசார் வேடம் கிடைத்தது. பத்தொன்பது வருசம், இருநூற்றுப் பதினொரு பாகம். நாடு முழுக்கத் தெரிந்த முகம். அதற்குப் பிறகும் வந்ததெல்லாம் பொலிஸ்காரன் வேடம்தான், ஒரு குருவியும் வேறு வேடம் தரவில்லை. தாயின் சவப்பெட்டியை மண்ணுக்குள் இறக்கும்போது, கயிறு பிடித்தவன் காதுக்குள் கேட்டானாம், "கொமிசார், ஆர் கொலைகாரன்?"

"கொமிசாராகச் சாக எனக்கு விருப்பமில்லை, மாக்கிரட்," என்றார். "இந்தப் படத்தில் நான் பிழை செய்த ஒரு நீதிபதி. குற்றமில்லாத ஒருவனைச் சிறைக்கு அனுப்பிவிட்டு, முப்பது வருசத்துக்குப் பிறகு மகளிடம் ஒப்புக்கொள்கிறேன். முப்பது வருசமாக இப்படி ஒரு வேடத்துக்குக் காத்திருந்தேன். கடைசியில் அது வந்தபோது வசனம் நிற்குதில்லை."

ஜேர்மன் தொலைக்காட்சிக்கான படம். பழைய மொன்றியலின் கல் வீடுகளை ஹாம்பேர்க் என்று காட்டி எடுத்துக்கொண்டிருந்தார்கள். மறதி தொடங்கி ஆறு வருசமாம். அவ்வளவு காலமும் காப்பாற்றியது மனைவி இல்ஸ. ஜேர்மன் நாடகசாலைகளில் மேடைக்கு முன்னால் ஒரு சின்னக் குழிக்குள் இருந்து வசனம் எடுத்துக்கொடுக்க ஒருத்தி இருப்பாள். இல்ஸ அப்படிக் குழிக்குள் இருந்தவள். "முகத்தைப் பார்க்க முதலே அவள் குரலைக் கட்டிக்கொண்டேன்," என்பார். பிறகு படப்பிடிப்புகளில் கேட்கும் கருவி மாதிரி ஒன்றைக் காதில் வைத்துக்கொள்வார், பக்கத்து அறையிலிருந்து இல்ஸ சின்ன மைக்கில் முணுமுணுப்பாள். வசனம் வேண்டுமென்றால் பெருவிரலால் கலியாண மோதிரத்தைத் தொடுவார். போன மாரியில் இல்ஸ செத்துப்போனாள். அந்த மைக் மட்டும் பெட்டிக்குள் இருந்தது. என் முகத்தையே பார்த்துக்கொண்டு அதை எடுத்து மேசையில் வைத்தார்.

நகரின் வில்லரேப் பக்கம் எங்கள் வீட்டில் அன்று பின்னேரம் பெரிய பிரளயம். என் மனுசன் அருமைராசா உணவகக் குசினியில் சமைக்கிறவர், வேலைக்குப் போகச் சப்பாத்துக் கட்டிக்கொண்டிருந்தார்.

"உனக்கென்ன விசரே? லீவெடுத்துக்கொண்டு போய்க் கிழவன் ஒருத்தன்ரை காதுக்குள்ள ஓதப் போறியே?"

"ஓதப் போகேல்லையப்பா. கொப்பி பாக்கப் போறன்."

"அந்தாளுக்கு மூளை கழண்டு போச்செண்டால் அவன்ரை ஆக்களிட்டைச் சொல்லு. ஒளிச்சு வைச்சுப் பேந்து ஏதும் நடந்தால் ஆர் பதில் சொல்லுறது?"

"சொன்னால் படத்தால நிப்பாட்டிப் போடுவாங்கள். இன்சூரன்ஸ்காரன் ஒத்துக்கொள்ளமாட்டான். வேற ஒருத்தனை வியன்னாவில ஆயத்தமா வைச்சிருக்கிறாங்களாம். அதுதான் கடைசிப் படமப்பா அவருக்கு."

"உனக்கும் அவருக்கும் என்ன?"

"உங்களுக்கு விளங்காது, போங்கோ," என்று எரிந்து விழுந்தேன். அவர் ஒரு சப்பாத்தைக் கட்டாமலே கதவைத் திறந்துகொண்டு, "பிடிபடாமல் செய்," என்றார்.

படப்பிடிப்பில் நான் மருந்தும் தேநீரும் கொடுக்கும் உதவியாள் என்று எழுதிக்கொண்டார்கள். வேலை எனக்குப் பிடிபட ஒரு நாள் போதும். அவர் நடிக்கும் அறைக்குப் பக்கத்துக் குசினியில், கதவிடுக்கால் அவருடைய இடது கை மட்டும் தெரிகிற இடத்தில், கோட்டைத் தலைக்கு மேல் இழுத்துப் போட்டுக்கொண்டு குந்தியிருப்பேன். பெருவிரல் மோதிரத்தைத் தொட்டால் அடுத்த வரி. என் வாய் அசையும், ஒரு மூச்சு கழித்து அவர் வாய் அசையும். ஒலிப்பதிவுக்காரன் ஒருதரம் எழும்பி வந்து, இந்த வீட்டில் எலி இருக்கிறது என்று பிரெஞ்சில் சொன்னான். நான் கோட்டுக்குள் மூச்சை அடக்கிக்கொண்டு எலியாகவே இருந்தேன்.

ஒன்று மட்டும் எனக்கும் அவருக்கும் ஒத்துவரவில்லை. இரண்டாம் நாளே கேட்டார், "நான் மோதிரத்தைத் தொட முதல் ஏன் தருகிறீர்கள்?"

"நீங்கள் பேசாமல் நின்றீர்களே."

"அது நடிப்பு. இல்ஸவுக்கு மறதி எது, மௌனம் எது என்று தெரியும்."

எனக்கு எப்படித் தெரியும்? எங்கள் கூத்தில் மத்தளம் அடிபட்டுக்கொண்டே இருக்கும். ஒருவன் ஒரு தாளத்துக்கு வாயை மூடினான் என்றால் மறந்துவிட்டான் என்றுதான் அர்த்தம். அந்த இடைவெளியை விட்டால் சனம் கூக்காட்டும், அப்பா கொப்பியாலேயே என் தலையில் போடுவார். சும்மா நிற்பதும் நடிப்பு என்று எனக்கு ஒருவரும் சொல்லவில்லை. சரி, இனி மோதிரத்தைப் பார்த்தே தருகிறேன் என்று ஒத்துக்கொண்டேன்.

புதன்கிழமை வினை வந்தது. வீதியில் எடுத்த காட்சி. பக்கத்துக் கட்டடத்தில் என்ன கருவி வேலை செய்ததோ, எங்கள் மைக் செத்துப்போனது. அவர் மோதிரத்தைத் தொடுகிறார், தொடுகிறார், நான் தெருவோரம் நின்ற வான் வண்டிக்குள் இருந்து கத்தாத குறையாகச் சொல்கிறேன், ஒன்றும் போகவில்லை. நாற்பது பேருக்கு முன்னால், குளிரில், அந்த மனுசன் வாயைத் திறந்தபடி நின்றார். தயாரிப்பாளர் திருமதி பேரென்ஸ் கைக்கடிகாரத்தைப் பார்த்தாள். அவள் கெட்டவள் இல்லை, ஆனால் நூறு பேரின் வேலை அவள் தலையில். பின்னேரம் அவருடைய ட்ரெயிலருக்குள் வந்தாள். நடிகர்கள் உடுப்பு மாற்றி இளைப்பாறச் சில்லு வைத்த அறை அது. நானும் தேநீரோடு அங்கே நின்றேன்.

"ஆர்னோ, வெள்ளிக்கிழமை ஒப்புக்கொள்ளும் காட்சி. ஏழு நிமிடம், ஒரே ஓட்டம். அது முடிந்ததும் இன்சூரன்ஸ் வைத்தியர் வந்து உங்களைப் பார்ப்பார். அவர் கையெழுத்து வைக்காவிட்டால் சனிக்கிழமை வியன்னாவிலிருந்து ஆள் வரும். மன்னித்துக்கொள்ளுங்கள்."

அவள் போன பிறகு அவர் மோதிரத்தைச் சுற்றிக்கொண்டே இருந்தார். "நான் மறக்கிறேன் என்று எனக்குத் தெரிகிறவரை பயமில்லை," என்றார். "நான் மறந்ததே எனக்குத் தெரியாமல் போகும் நாள் வரும், அதற்குத்தான் பயம்." அப்படி ஒன்றும் வராது என்று மரக்கட்டை மாதிரிச் சொன்னேன்.

வெள்ளிக்கிழமை காலை மெட்ரோவில் முழு வழியும் செபமாலை சொல்லிக்கொண்டு போனேன். புது மின்கலம் இரண்டு வாங்கிப் போட்டு, மைக்கை மூன்று தரம் சோதித்தேன். எல்லாம் சரி. ஆனால் இயக்குநர் யான், முப்பத்தைந்து வயதுப் பொடியன், கடைசி நேரத்தில் கமராவைத் திருப்பிவைத்தான். குசினிக் கதவு இப்போது படத்துக்குள் விழும். அதைச் சாத்தச் சொன்னான். கதவு சாத்திக்கொண்டது. அவருடைய கை தெரியவில்லை, மோதிரம் தெரியவில்லை. நான் பலகைக் கதவில் காதை ஒட்டிக்கொண்டு குருடிபோல நின்றேன்.

தொடங்கிவிட்டார்கள். மகளாக நடிக்கிற பெண் ஏதோ கேட்டாள். அவர் பேசினார். முதல் நிமிடம் போனது. நான் ஒவ்வொரு வரியையும் உதட்டில் வைத்துக்கொண்டு காத்திருந்தேன். அவருக்கு ஒன்றும் தேவைப்படவில்லை! இரண்டு நிமிடம், மூன்று நிமிடம், குரல் தண்ணீர் போல வந்தது. "அன்றைக்குக் கையெழுத்து வைத்தேன், அனா. மை காயும்வரை பார்த்துக்கொண்டிருந்தேன்."

பிறகு ஒன்றும் இல்லை.

அடுத்த வரி, 'அவன் குற்றவாளி இல்லை என்று எனக்கு அப்போதே தெரியும்.' வரவில்லை. நான் எண்ணினேன். ஒன்று, இரண்டு, மூன்று. மைக்கில் மெதுவாக வரியைக் கொடுத்தேன். பதில் இல்லை. நான்கு, ஐந்து. திரும்பவும் கொடுத்தேன், கொஞ்சம் பலமாக. இல்லை. புதன்கிழமை மாதிரி மைக் செத்துவிட்டது என்று நினைத்தேன். வாயைத் திறந்தபடி நிற்கிறார், பேரென்ஸ் கடிகாரத்தைப் பார்க்கிறாள், வியன்னாக்காரன் பெட்டி அடுக்குகிறான், எல்லாம் எனக்குக் கதவுக்குள்ளால் தெரிந்தது. எட்டு, ஒன்பது. எனக்குள் பாசையூர் மத்தளம் அடித்தது. அப்பாவின் கொப்பி தலைக்கு மேல் ஓங்கி நின்றது. நான் மைக்கைக் கீழே விட்டுவிட்டு, திரைக்குப் பின்னால் நிற்கிற பிள்ளை மாதிரி, வெறும் வாயால் உரத்துச் சொன்னேன்.

"அவன் குற்றவாளி இல்லை என்று எனக்கு அப்போதே தெரியும்!"

சொல்லி முடிய என் கை என் வாயைப் பொத்தியது. பொத்தி என்ன, எல்லாம் கேட்டுவிட்டதே! பாவி, நாசமறுப்பாள், அந்த மனுசனை நான் என் கையாலேயே விற்றுப்போட்டேன் என்று நெஞ்சில் அடித்துக்கொண்டேன். முழங்காலில் இருந்துவிட்டேன். வெட்டு என்று யான் கத்துவான், கதவைத் திறப்பார்கள், அவ்வளவுதான்.

யாரும் கத்தவில்லை. அவருடைய குரல் வந்தது, மிக மெதுவாக, கதவின் பக்கம் திரும்பி. "தெரியும், இல்ஸ. அவசரப்படாதே." பிறகு மகள் பக்கம் திரும்பினார். "அவன் குற்றவாளி இல்லை என்று எனக்கு அப்போதே தெரியும், அனா." மிச்ச மூன்றரை நிமிடமும் ஒரு சொல் தவறவில்லை. நடிக்கிற பெண் உண்மையாகவே விம்மி அழுவது எனக்குக் கேட்டது.

கதவு திறந்தது. யான் முகம் முழுக்கக் கண்ணீர். "நீதிபதியின் செத்துப்போன மனைவி குசினியிலிருந்து பேசுகிறாள்! அவளுக்கும் தெரிந்திருக்கிறது! இதை ஏன் எனக்கு முதலே சொல்லவில்லை, ஆர்னோ?" என்று கத்தினான். நான் ஏன் அங்கே கோட்டும் கொப்பியுமாக முழங்காலில் நிற்கிறேன் என்று கேட்கக்கூட அவனுக்குத் தோன்றவில்லை. திருமதி பேரென்ஸ் மட்டும் என்னைப் பார்த்தாள், கீழே கிடந்த மைக்கைப் பார்த்தாள். "வைத்தியர் வந்துவிட்டார்," என்றாள்.

ட்ரெயிலருக்கு நடந்துபோகும்போது அவர் என் தோளில் கை போட்டுக்கொண்டார். அதுவரை அந்த மனுசன் என்னைத் தொட்டதே இல்லை.

"மூன்று தரம் சொன்னாய், எனக்கு மூன்றும் கேட்டது," என்றார். "அந்தப் பெண் நிமிர்ந்து பார்க்கும்வரை நான் காத்திருந்தேன். நாற்பது வருசமாக என்னோடு இருக்கிறாய், உனக்கு இது தெரியாதா?"

எப்போதும் நீங்கள் என்று பேசுகிறவர் நீ என்கிறார். நாற்பது வருசம் என்கிறார். நான் நின்று அவர் முகத்தைப் பார்த்தேன். விளையாட்டு இல்லை. அவர் அங்கே நடித்தது வசனத்தை மட்டும்தான், கதவுக்குப் பின்னால் இல்ஸ நின்றாள் என்பது அவருக்கு நடிப்பில்லை. வசனம் எல்லாம் அப்படியே இருக்கிறது, நான்தான் அழிந்துபோனேன். அவருக்குப் பயமாக இருந்த நாள் வந்துவிட்டது, வந்தது அவருக்குத் தெரியவில்லை.

வைத்தியர் ஜேர்மனியில் பிறந்து மொன்றியலில் குடியேறியவர், மெல்லிய மனுசன், மரியாதையாகப் பேசினார். அவர் ஒரு பக்கம், பேரென்ஸ் அம்மா கதவடியில். நான் வெளியே போக எழும்பினேன். கெஸ்லிங் என் கையை விடவில்லை, கொப்பியை மடியில் வைத்துக்கொண்டு திரும்பவும் பக்கத்தில் குந்தினேன்.

"இன்று என்ன திகதி, திரு கெஸ்லிங்?"

அவர் சிரித்தார். கண் மட்டும் சிரிக்கவில்லை, அது அறையைச் சுற்றித் தேடியது. சுவரில் அன்றைய படப்பிடிப்புத் தாள் குத்தியிருந்தது. "நவம்பர் பதினான்கு, இரண்டாயிரத்து மூன்று. இருபத்தோராம் நாள் படப்பிடிப்பு. அழைப்புத் தாளை வாசிக்காமல் எந்த நடிகன் வேலைக்கு வருவான், டாக்டர்?"

"இது எந்த நகரம்?"

"ஹாம்பேர்க்."

வைத்தியரின் பேனை நின்றது. பேரென்ஸ் அம்மா கண்ணை மூடினாள். சொல்லிவிடு, மொன்றியல் என்று சொல்லிவிடு என்று என் நாக்கு பல்லை முட்டிக்கொண்டு நின்றது. அவர் மெதுவாக யன்னல் பக்கம் திரும்பினார். வெளியே சந்தியில் சிவப்புப் பலகை, நில் என்று பிரெஞ்சில். எனக்கு அந்தத் திரும்பல் தெரியும். எத்தனையோ வெள்ளிக்கிழமை பார்த்த திரும்பல் அது. கொமிசார் தடயம் தேடுகிறார்.

"படத்தில் ஹாம்பேர்க்," என்றார். "ஆனால் ஹாம்பேர்க்கில் தெருப் பலகையைப் பிரெஞ்சில் எழுதமாட்டார்கள். யன்னலுக்கு வெளியே கனடா, டாக்டர். மொன்றியல்."

வைத்தியர் சிரித்துவிட்டார். பேனை ஓடியது. கடைசியாக, போகிற போக்கில் கேட்பதுபோல், என் பக்கம் கையைக் காட்டினார். "இந்த அம்மா யார்?"

அவர் என்னைப் பார்த்தார். என் கறுப்பு முகம், நரைத்த கொண்டை, கழுத்தில் சிலுவை. இல்ஸ பொன்னிறத் தலைமயிர்க்காரி, அவளுடைய புகைப்படம் பார்த்திருக்கிறேன். அவர் கண்ணில் முதல்தரமாக ஒரு தடுமாற்றம் வந்தது. யார் என்று தெரியவில்லை. இல்ஸ இல்லை என்று கண் சொல்கிறது, இல்ஸதான் என்று கை சொல்கிறது. ஒன்று. இரண்டு. மூன்று.

வாயைத் திறந்து 'நான் மாக்கிரட்' என்று சொன்னால் போதும். அது ஒன்றும் பெரிய குற்றமில்லை, ஒரு பெண் தன்னை அறிமுகப்படுத்துகிறாள், அவ்வளவுதான். ஆனால் சொன்னால் வைத்தியர் விளங்கிக்கொள்வார். நான்கு. ஐந்து. அவருடைய இடது கை மடியில் இருந்தது. இப்போது எனக்கு அது நன்றாகத் தெரிந்தது. பெருவிரல் மோதிரத்தைத் தொடவில்லை. மத்தளம் என் தலைக்குள் அடித்துக் கிழித்தது. ஏழு. எட்டு. நான் நாக்கைக் கடித்தேன், இரத்தம் உப்புக் கரித்தது. இந்த ஐம்பத்தொரு வயதில் முதல்தரமாக ஒருவனுடைய மௌனத்தை நான் நிரப்பாமல் விட்டேன்.

அவருடைய பார்வை என் மடிக்கு இறங்கியது. கொப்பி, அதற்குள் மஞ்சள் துண்டுகள். முகம் மலர்ந்தது.

"இவளா? இவள் இல்லாவிட்டால் நான் வாயே திறக்கமாட்டேன், டாக்டர்," என்றார். என் கையை எடுத்து, பழைய காலத்து ஆட்கள் மாதிரிக் குனிந்து முத்தமிட்டார்.

வைத்தியர் வாய்விட்டுச் சிரித்துக் கையெழுத்தைப் போட்டார். "எழுபதை நெருங்குகிற ஆளுக்கு நல்ல தலை," என்று பேரென்ஸ் அம்மாவிடம் சொல்லிக்கொண்டு இறங்கிப் போனார். அவள் கதவை அரைவாசி சாத்தினாள். "இன்னும் மூன்று நாள்," என்று எனக்கு மட்டும் சொன்னாள். "மூன்று நாள் உங்களால் முடியுமா?"

முடியும் என்று தலையாட்டினேன். செய்தது சரியா பிழையா என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. அருமைராசாவைக் கேட்டால் பிழை என்பார்.

கதவு சாத்திக்கொண்டது. அவர் காதிலிருந்த கருவியைக் கழற்றி என் கையில் வைத்தார். நடித்துக் களைத்துப்போன முகம்.

"சரியாகச் சொன்னேனா, இல்ஸ?"

நான் மாக்கிரட், ஹோட்டலில் அறை துப்பரவாக்குகிறவள், இல்ஸ மண்ணுக்குள் போய் ஒரு வருசமாகப் போகிறது என்று சொல்லலாம். சொன்னால் அந்த மனுசன் அவளை இன்னொரு தரம் புதைக்க வேண்டும். பாசையூரில் ஒருவனும் எனக்கு வேடம் தரவில்லை, இங்கே கேட்காமலே தந்துவிட்டார்கள். இந்த வேடத்துக்குக் கொப்பியும் இல்லை, திரைக்குப் பின்னால் வரி எடுத்துத்தர ஆளும் இல்லை.

"சரியாகச் சொன்னாய், ஆர்னோ," என்றேன். அவரை நான் நீ என்று சொன்னது அதுதான் முதல்தரம். "திங்கட்கிழமை ஒன்பது மணிக்குப் படப்பிடிப்பு. நீ மோதிரத்தைத் தொட்டால் மட்டும்தான் இனி வாய் திறப்பேன்."

அவர் தலையாட்டிவிட்டுக் கோட்டுக்குள் கையை விட்டார். பொத்தானைப் பூட்டத் தெரியாமல் நின்றார். நான் பூட்டிவிட்டேன்.

"வீட்டில் அடுப்பை அணைத்துவிட்டாயா?" என்று கேட்டார்.

"அணைத்துவிட்டேன்," என்றேன்.